ஒரே பாத்திரத்துல பீஃப் கைமா மசாலா சாதம்: ருசி குறையாம உப்பையும் கொழுப்பையும் எப்படி குறைக்கிறது

நீங்க கேட்டதை சுருக்கமா ஒரு தடவை சொல்லிடறேன், அப்பத்தான் பதில் எதுக்குன்னு மத்தவங்களுக்கும் புரியும். ரெடிமேட் மசாலா அரிசி பாக்கெட்டையும் அரைச்ச பீஃபையும் ஒரே பாத்திரத்துல போட்டு ராத்திரி சாப்பாடு செய்றீங்க, அது உப்பாவும் எண்ணெய் மிதக்கிற மாதிரியும் இருக்கு. ஹெல்தியா மாத்தலாம்னு பிரவுன் ரைஸ் போட்டா அரிசி வேகாம நிக்குது, கொழுப்பு கம்மியான கறி வாங்கினா சக்கை மாதிரி இருக்கு, மசாலா பாக்கெட்டை விட்டா சப்புன்னு ஆயிடுது. இதுதானே?

இந்த சாதத்துல ருசி பாக்கெட்லேர்ந்தோ கொழுப்புலேர்ந்தோ வரணும்னு அவசியமே இல்ல, கறியை ஒழுங்கா வறுக்கிறதுலேர்ந்து வரணும். பெரும்பாலும் கைமாவை தண்ணி விட்டு வேக வைக்கிறோம், வறுக்கிறதில்ல. அதனால வராம போன ருசியை உப்பு, ஸ்டாக் கியூப் (சூப் ருசிக்கு போடற உப்புக்கட்டி), கொழுப்புன்னு வேற வழியில கொண்டு வர பாக்கறோம். வறுக்கிறதை சரி பண்ணிட்டா கறியோட அளவையே குறைக்கலாம், உப்பை பாதியாக்கலாம், குறைஞ்சதுன்னு நாக்குக்கு தெரியாது. பிரவுன் ரைஸா வெள்ளை அரிசியாங்கிறது எல்லாம் அதுக்கப்புறம்தான், எல்லாரும் முதல்ல அதைத்தான் மாத்துறாங்க, ஆனா பலன் அதுலதான் ரொம்ப கம்மி, ஏன்னு கீழ கணக்கோட சொல்றேன்.

முதல்ல கறி. பாக்கெட்ல 80/20, 90/10, 93/7ன்னு போட்டிருப்பாங்க, ரெண்டாவது நம்பர்தான் கொழுப்பு சதவீதம். பச்சை கறி 100 கிராம்ல 80/20ன்னா சுமார் 250 கலோரி, 20 கிராம் கொழுப்பு, 17 கிராம் புரோட்டீன். 93/7ன்னா சுமார் 150 கலோரி, 7 கிராம் கொழுப்பு, 21 கிராம் புரோட்டீன். நாலு பேருக்கு அரை கிலோ 80/20 போட்டு கொழுப்பை வடிக்காம அப்படியே அரிசியை கொட்டினா ஆளுக்கு 25 கிராம் கொழுப்பு, அதுல இதயத்துக்கு ஆகாத சாச்சுரேட்டட் வகை மட்டும் 9, 10 கிராம் வரும், ஏன்னா உருகின கொழுப்பு முழுசையும் அரிசி இழுத்துக்கும், எங்கயும் போகாது. அதே நாலு பேருக்கு 350 கிராம் 90/10 போட்டா ஆளுக்கு 9 கிராம் கொழுப்பு, சாச்சுரேட்டட் 4 கிராமுக்குள்ள. நான் 93/7ஐ விட 90/10ஐத்தான் சொல்லுவேன், இன்னும் கம்மிக்கு போனா கறி வறண்டு போய் மணல் மாதிரி ஆயிடும், அதுதான் உங்களுக்கு நடந்திருக்கு. உங்க பக்கம் 80/20 மட்டும்தான் கிடைக்குதுன்னா பரவாயில்ல, வறுத்தப்புறம் பாத்திரத்தை சாய்ச்சு கரண்டியால கொழுப்பை எடுத்துடுங்க, ஒரு ஸ்பூன் மட்டும் விட்டு வையுங்க மசாலா வதக்க. எடுத்த கொழுப்பை சிங்க்ல ஊத்தாதீங்க, ஆறினா உறைஞ்சு குழாய் அடைச்சிடும், ஒரு பழைய டப்பாவுல ஊத்தி ஆறவிட்டு குப்பையில போடுங்க. சிலர் வறுத்த கறியை வெந்நீர்ல அலசுவாங்க, கொழுப்பு இன்னும் போகும்தான், ஆனா கூடவே பி விட்டமின்ல கொஞ்சமும் கஷ்டப்பட்டு வர வச்ச ருசியும் போயிடும், டாக்டர் கொழுப்பை கண்டிப்பா குறைக்க சொன்னவங்க தவிர மத்தவங்களுக்கு அது தேவையில்ல.

350 கிராம் நாலு பேருக்கு பத்துமான்னு கேப்பீங்க. பத்தாதுதான், மிச்ச இடத்தை பீன்ஸும் காளானும் நிரப்பணும். சிவப்பு இறைச்சியை வாரத்துக்கு சமைச்ச எடையில 350லேர்ந்து 500 கிராமுக்கு மேல போக வேண்டாம்னு உலக புற்றுநோய் ஆராய்ச்சி நிதியம் சொல்லுது. 350 கிராம் பச்சை கறி வறுத்தா தண்ணியும் கொழுப்பும் போய் சுமார் 250 கிராமா சுருங்கும், அதாவது ஆளுக்கு 60 கிராம் சொச்சம். அப்ப வாரத்துல ரெண்டு தடவை இந்த சாதம் செஞ்சாகூட அந்த எல்லைக்கு ரொம்ப கீழதான் இருப்பீங்க. அதே நேரம் பீஃப்ல உள்ள இரும்புச்சத்து உடம்பு சுலபமா எடுத்துக்கிற வகை, பி12, துத்தநாகம் எல்லாம் இருக்கு, அதனால கறியை முழுசா விட்டுடுங்கன்னு நான் சொல்ல வரல.

இப்ப வறுக்கிறது, இதுக்குத்தான் நான் இவ்வளவு எழுதறேன். கறி பழுப்பா மாறி அந்த வறுத்த வாசனை வர்றதுக்கு அதோட மேல்பரப்பு சுமார் 140 டிகிரி செல்சியஸ் தாண்டணும். தண்ணி இருக்கிற வரைக்கும் சூடு 100ஐ தாண்டாது. கைமாவை சின்ன பாத்திரத்துல மொத்தமா கொட்டி உடனே கிண்ட ஆரம்பிச்சா கறியில இருக்கிற தண்ணி எல்லாம் வெளிய வந்து அதுலயே கறி வெந்து சாம்பல் கலர்ல நிக்கும், நம்மளும் கலர் மாறிடுச்சு வெந்துடுச்சுன்னு அடுத்த வேலைக்கு போயிடுவோம். அதனால அகலமான அடிகனமான பாத்திரம் எடுங்க, நான்ஸ்டிக்கை விட இரும்போ ஸ்டீலோ நல்லது. நல்லா சூடு பண்ணி ஒரு டீஸ்பூன் எண்ணெய் விட்டு, கறியை டிஷ்யூ பேப்பர்ல ஈரம் ஒத்தி எடுத்து, ஒரு பெரிய அடை மாதிரி பரப்பி வச்சிட்டு கையை எடுத்துடுங்க. 4 நிமிஷம் தொடாதீங்க. தீ நல்லா எரியட்டும். அடிப்பக்கம் கரும்பழுப்பா ஆனப்புறம் பெரிய துண்டுகளா திருப்பிப்போட்டு இன்னொரு ரெண்டு நிமிஷம், அப்புறம்தான் கரண்டியால உடைக்கணும். எல்லா பக்கமும் பழுப்பாகணும்னு அவசியமில்ல, ஒரு பக்கம் நல்லா வறுபட்டு மத்த பக்கம் மெத்துன்னு இருந்தாத்தான் கொழுப்பு கம்மியான கறிகூட சக்கையாகாம இருக்கும். சத்தத்தை கவனிங்க, தண்ணி இருக்கும்போது களகளன்னு கொதிக்கிற சத்தம், தண்ணி சுண்டினதும் சர்ருன்னு பொரியற சத்தமா மாறும், அந்த மாற்றம் வர்ற வரைக்கும் பொறுமையா இருக்கணும். பாத்திரம் சின்னதுன்னா ரெண்டு தடவையா வறுங்க.

அப்படியும் வறண்டு போகுதுன்னா ஒரு வழி இருக்கு, கால் டீஸ்பூன் சமையல் சோடாவை ஒரு ஸ்பூன் தண்ணியில கரைச்சு பச்சை கைமாவுல பிசறி 15 நிமிஷம் வச்சிட்டு வறுத்தா கறி தண்ணியை விடாம பிடிச்சுக்கும், சீக்கிரம் பழுப்பாவும் ஆகும். ஆனா அந்த கால் டீஸ்பூன்ல 300 மில்லிகிராம் சொச்சம் சோடியம் இருக்கு, உப்பு குறைக்கணும்னு கிளம்பினவங்க அதையும் கணக்குல சேக்கணும், அதனால 90/10க்கு இது வேண்டாம், 93/7, 95/5 வாங்கினா மட்டும் பண்ணுங்க.

கைமா விஷயத்துல பாதுகாப்பும் சொல்லணும். முழு துண்டு கறியில கிருமி மேலதான் இருக்கும், அரைக்கும்போது அது உள்ள வரைக்கும் கலந்துடும், அதனாலதான் ஸ்டீக்கை உள்ள சிவப்பா சாப்பிடறவங்ககூட கைமாவை முழுசா வேக வைக்கணும், 71 டிகிரி செல்சியஸ் தொடணும். கலரை வச்சு வெந்துடுச்சான்னு முடிவு பண்ண முடியாது, சில கறி சீக்கிரமே பழுப்பாயிடும். நல்ல வேளையா இந்த சாதத்துல கறி அரிசியோட இன்னும் கால் மணி நேரம் கொதிக்கப் போகுது, அந்த கவலை தானாவே தீர்ந்திடும். பச்சை கறியை குழாயில கழுவாதீங்க, தண்ணி தெறிச்சு சிங்க் முழுக்க கிருமி பரவும். ஃப்ரீஸர்ல இருந்ததுன்னா முந்தின நாளே ஃப்ரிட்ஜ் கீழ்த்தட்டுல இறக்கி வச்சிடுங்க, சமையல் மேடையில வச்சு உருக விடாதீங்க.

வறுத்த கறியை எடுத்து தட்டுல வச்சிட்டு அதே பாத்திரத்துல பொடியா நறுக்கின காளான் ஒரு 200 கிராம் போடுங்க, அதுவும் தண்ணி விடும், சுண்டற வரைக்கும் வதக்குங்க. காளான்ல இயற்கையாவே குளுட்டமேட் இருக்கு, கறிச்சுவையை தூக்கிக் கொடுக்கும், நறுக்கின சைஸ் கைமா அளவுக்கு இருந்தா எது கறி எது காளான்னு பசங்களுக்கு தெரியாது. அப்புறம் ஒரு பெரிய வெங்காயம், ஒரு குடைமிளகாய், ஒரு கேரட். வெங்காயம் விடற ஈரத்துல அடியில ஒட்டியிருக்கிற பழுப்பெல்லாம் இளகும், மரக்கரண்டியால சுரண்டி சுரண்டி எடுத்து கலந்துடுங்க. அந்த பழுப்புலதான் மொத்த ருசியும் இருக்கு, அதை அப்படியே விட்டா அதுக்கு மேல அரிசி ஒட்டி அடிபிடிச்சு கருகின வாசனை வந்துடும். எலக்ட்ரிக் பிரஷர் குக்கர்ல செய்றவங்களுக்கு அடிபிடிக்குதுன்னு எச்சரிக்கை வந்து நின்னு போறதுக்கும் பெரும்பாலும் இதுதான் காரணம்.

மசாலா. பாக்கெட்டை பின்னால திருப்பி படிங்க, நிறைய பாக்கெட்ல உப்பு, சர்க்கரை, மால்டோடெக்ஸ்ட்ரின், ஸ்டார்ச் எல்லாம் முன்னாடியே வந்துடும், மசாலா கடைசியிலதான் வரும். ஒரு பங்குக்கு 700, 800 மில்லிகிராம் சோடியம்னு போட்டிருக்கும், அந்த பங்கோட அளவு நீங்க தட்டுல வைக்கிறதை விட சின்னதா இருக்கும், அதையும் பாருங்க. உலக சுகாதார நிறுவனம் சொல்றது ஒரு நாளைக்கே 2000 மில்லிகிராம் சோடியத்துக்கு கீழ, அதாவது 5 கிராம் உப்புக்கு உள்ள. ஒரு ஸ்டாக் கியூப்ல மட்டும் பெரும்பாலும் 800லேர்ந்து 1000 மில்லிகிராம் வரைக்கும் இருக்கும், சோயா சாஸ் ஒரு டேபிள்ஸ்பூன்ல கிட்டத்தட்ட 900. பாக்கெட், கியூப், மேல சீஸ்னு மூணும் சேர்ந்தா ஒரு வேளையிலயே நாள் கணக்கு முடிஞ்சிடும்.

வீட்டுல கலக்கிறது ரெண்டு நிமிஷ வேலைதான். சீரகத்தூள் ஒன்றரை டீஸ்பூன், மிளகாய்த்தூள் ஒரு டீஸ்பூன், பாப்ரிகா ஒரு டீஸ்பூன், மிளகுத்தூள் அரை டீஸ்பூன், காய்ஞ்ச ஆரிகானோ அரை டீஸ்பூன், நாலு பல் பூண்டு நசுக்கினது. காய் வதங்கினதும் தீயை குறைச்சு, அந்த ஒரு ஸ்பூன் கொழுப்புலயோ எண்ணெய்லயோ பூண்டும் தூளும் போட்டு 30 செகண்ட் வதக்குங்க, மசாலாவோட வாசனைப் பொருள் பெரும்பாலும் எண்ணெய்லதான் கரையும், தண்ணியில நேரா போட்டா பாதி வாசனை வெளியவே வராது. 30 செகண்டுக்கு மேல விடாதீங்க, பாப்ரிகா சீக்கிரம் கருகி கசக்கும். உடனே ஒரு டேபிள்ஸ்பூன் தக்காளி பேஸ்ட் போட்டு அது சிவப்புலேர்ந்து செங்கல் கலருக்கு மாறற வரைக்கும் வதக்குங்க, அப்புறம் ரெண்டு தக்காளி பொடியா நறுக்கி போட்டு பச்சை வாசனை போக நல்லா சுண்ட விடுங்க. உப்பு முக்கால் டீஸ்பூன், மொத்தத்துக்கும் அவ்வளவுதான். ஆளுக்கு ஒரு கிராம் சொச்சம் உப்பு, சோடியத்துல 450 மில்லிகிராம் பக்கம் வரும். அஜினோமோட்டோவுக்கு பயப்படறவங்க பயப்படட்டும், ஆனா அதுல சோடியம் 12 சதவீதம்தான், உப்புல 39 சதவீதம், உப்பை இன்னும் குறைக்கணும்னா ஒரு சிட்டிகை சேத்துக்கிறது நியாயமான வழிதான்.

அரிசிக்கு வருவோம். ஒரு கப் பாஸ்மதி, அதாவது 190 கிராம் பக்கம், நாலு பேருக்கு போதும், ஏன்னா காயும் பீன்ஸும் கறியும் சேர்ந்து பாத்திரம் நிறைஞ்சிடும். பாஸ்மதி சொல்றதுக்கு காரணம் அதுல அமிலோஸ் ஸ்டார்ச் அதிகம், உதிரி உதிரியா நிக்கும், ஒட்டற அரிசி வகைகளை விட சர்க்கரையை மெதுவா ஏத்தும். மூணு தண்ணி கழுவி 20 நிமிஷம் ஊற வச்சு நல்லா வடிச்சிடுங்க. விட்டமின் சேர்த்த அரிசின்னு பாக்கெட்ல போட்டிருந்தா கழுவும்போது அது போயிடும், அப்படின்னா ஒரு தடவை லேசா அலசினா போதும்.

தண்ணி அளவுலதான் நிறைய பேருக்கு குழையுது இல்லன்னா வேகல. ஒரு கப் அரிசி உண்மையில உறிஞ்சறது கிட்டத்தட்ட ஒரு கப் தண்ணிதான், மிச்சமெல்லாம் ஆவியா போறதுக்காக ஊத்தறது. அதனால ரெட்டை அளவு செய்யும்போது தண்ணியையும் ரெட்டையாக்கக்கூடாது, ஆவியாகிறது பாத்திரத்தோட அகலத்தையும் மூடியையும் பொறுத்தது, அரிசியோட அளவை பொறுத்தது இல்ல. ஊற வச்ச ஒரு கப்புக்கு இந்த முறையில ஒன்றரை கப் போதும், ரெண்டு கப்புக்கு இரண்டரை கப் போதும். சுரைக்காய், சுக்கினி மாதிரி தண்ணிக்காய் சேத்தா கால் கப் குறைங்க. எலக்ட்ரிக் பிரஷர் குக்கர்ல ஆவியாகிறதே ரொம்ப கம்மி, ஒண்ணுக்கு ஒண்ணு ஊத்தினா போதும்.

வடிச்ச அரிசியை மசாலாவுல போட்டு ஒரு நிமிஷம் பொறுமையா பிரட்டுங்க, கறியை திருப்பி போடுங்க, வேக வச்ச கருப்பு பீன்ஸ் ஒன்றரை கப் போடுங்க, டின்ல இருக்கிறதுன்னா தண்ணி வடிச்சு நல்லா அலசினா அதுல உள்ள உப்பு நல்லாவே குறையும். ராஜ்மா போடறவங்க ஊற வச்ச பச்சை ராஜ்மாவை அரிசியோட சேத்து வேகட்டும்னு விடாதீங்க, அதை தனியா தளதளன்னு கொதிக்க வச்சு முழுசா வேக வச்சாத்தான் அதுல இருக்கிற நச்சு போகும், அரைவேக்காடு ராஜ்மா வயித்தை ஒரு வழி பண்ணிடும். கொதிக்கிற வெந்நீர் ஊத்தி, நல்லா கொதி வந்ததும் ஒரு ஸ்பூன் எடுத்து ருசி பாருங்க, சாப்பிடற அளவை விட ஒரு துளி உப்பு தூக்கலா இருக்கணும், அரிசி இழுத்ததும் சரியாயிடும். இறுக மூடி தீயை சிம்ல வச்சு 13லேர்ந்து 15 நிமிஷம். நடுவுல திறக்காதீங்க, கிண்டாதீங்க, கிண்டினா அரிசி உடைஞ்சு ஸ்டார்ச் வெளிய வந்து களி மாதிரி ஆயிடும். அடுப்பை அணைச்சு, மூடியை திறந்து மேல ரெண்டு கைப்பிடி கீரையும் பட்டாணியும் தூவி உடனே மூடி 10 நிமிஷம் தம்ல விடுங்க, கீரை அந்த ஆவியிலயே வெந்து பச்சையா இருக்கும். அப்புறம் ஃபோர்க்கால ஓரத்துலேர்ந்து கிளறி விட்டு அரை எலுமிச்சை பிழிஞ்சு கொத்தமல்லியும் வெங்காயத்தாளும் போடுங்க. எலுமிச்சையை விட்டுடாதீங்க, கடைசியில சேக்கிற புளிப்பு உப்பு கம்மியா இருக்கிறதை மறைக்கும், அதுல இருக்கிற விட்டமின் சி பீன்ஸ்ல உள்ள இரும்பை உடம்பு எடுத்துக்கவும் உதவும்.

இப்படி செஞ்சா ஆளுக்கு சுமார் 450லேர்ந்து 500 கலோரி, 25 கிராமுக்கு மேல புரோட்டீன் வரும்.

பிரவுன் ரைஸ் கணக்கு சொல்றேன்னு சொன்னேன். வெந்த வெள்ளை அரிசி 100 கிராம்ல நார்ச்சத்து அரை கிராம்கூட இல்ல, பிரவுன்ல 1.6லேர்ந்து 1.8. ஒரு கப் அரிசியை நாலு பேர் பிரிச்சா பிரவுனுக்கு மாறினதால ஆளுக்கு கிடைக்கிறது 2 கிராம் கூடுதல். அந்த ஒன்றரை கப் பீன்ஸ்லயே ஆளுக்கு 5 கிராமுக்கு மேல வந்துடுது, காய் தனி. அதனால வீட்டுல யாருக்கும் பிரவுன் ரைஸ் பிடிக்கலைன்னா விட்டுடுங்க, குற்ற உணர்ச்சியே வேண்டாம், பீன்ஸை மட்டும் விடாதீங்க. பிடிக்கும்னா வேக வைக்கிற முறையை மாத்தணும். தவிட்டுத்தோல் தண்ணியை உள்ள விடாது, அதுக்கு 40, 45 நிமிஷம் ஆகும், தக்காளி மாதிரி புளிப்பும் கெட்டியான மசாலாவும் சேர்ந்தா இன்னும் இழுக்கும், உங்களுக்கு வேகாம நின்னது அதனாலதான். முதல் வேலையா அதே பாத்திரத்துல நிறைய தண்ணி கொதிக்க வச்சு பிரவுன் ரைஸை 20 நிமிஷம் வேக விட்டு வடிகட்டியில கொட்டிடுங்க, பாத்திரத்தை துடைச்சு கறி வேலையை ஆரம்பிங்க, பாதி வெந்த அரிசியை கடைசியில போட்டு ஒரு கப் தண்ணி மட்டும் ஊத்தி மூடி 20 நிமிஷம், சரியா இருக்கும். இதுல இன்னொரு நல்லதும் இருக்கு. அரிசியில, முக்கியமா பிரவுன்ல, ஆர்சனிக்ங்கிற நச்சுப்பொருள் கொஞ்சம் இருக்கும். 5 நிமிஷம் நிறைய தண்ணியில கொதிக்க வச்சு அந்த தண்ணியை கொட்டிட்டு புதுத்தண்ணியில வேக வச்சா பிரவுன்ல பாதிக்கு மேல, வெள்ளையில 74 சதவீதம் ஆர்சனிக் போகுதுன்னு 2020ல ஷெஃபீல்ட் பல்கலைக்கழகம் வெளியிட்ட ஆய்வு சொல்லுது. தினமும் அரிசி சாப்பிடற வீடு, சின்ன குழந்தை இருக்கிற வீடுன்னா வெள்ளை அரிசிக்கும் இதை பண்ணலாம், அப்ப கடைசியில ஊத்தற தண்ணி ஒரு கப்பு போதும்.

சர்க்கரை வியாதி இருக்கிறவங்க கேட்டா அரிசியை முக்கால் கப்பா குறைச்சு, துருவின காலிஃபிளவர் ரெண்டு கப் தம் போடும்போது சேத்துக்கலாம்னு சொல்லுவேன். முழுசா காலிஃபிளவராவே பண்ணாதீங்க, சாதத்தோட நிறைவு வராம ராத்திரி 10 மணிக்கு வேற ஏதாவது தேடுவாங்க. பிரஷர் இருக்கிறவங்களுக்கு உப்பை அரை டீஸ்பூனா குறைச்சு எலுமிச்சையும் மிளகும் கூட்டுங்க. பொட்டாசியம் கலந்த உப்புக்கு மாறணும்னா கிட்னி பிரச்சினை இருக்கிறவங்களும் பிரஷர் மாத்திரை சாப்பிடறவங்களும் டாக்டரை கேக்காம மாறக்கூடாது.

மிஞ்சினா பாத்திரத்தோட அடுப்புமேலயே ராத்திரி பூரா விடாதீங்க. அரிசியில இருக்கிற பேசிலஸ் சீரியஸ்ங்கிற கிருமியோட விதை வேக வச்சாலும் சாகாது, சாதம் வெதுவெதுன்னு இருக்கும்போது முளைச்சு நச்சை விடும், அந்த நச்சு திருப்பி சூடு பண்ணினாலும் போகாது. ரெண்டு மணி நேரத்துக்குள்ள அகலமான டப்பாவுல பரப்பி ஃப்ரிட்ஜ்ல வச்சிடுங்க, மூணு நாலு நாள் தாங்கும். சூடு பண்ணும்போது ஒரு ஸ்பூன் தண்ணி தெளிச்சு மூடி நல்லா ஆவி பறக்க சூடு பண்ணுங்க, எடுக்கிற அளவை மட்டும் சூடு பண்ணுங்க, எலுமிச்சையை மறுபடி புதுசா பிழிஞ்சுக்கோங்க.